என் மனைவி நடந்தாள் என்று நான் சொன்ன சாட்சி

நம் பங்குக் குடும்பத்தாருக்கு வணக்கம்.

கடந்த தவக்காலத்தில், நம் மண்டபத்தில் நடந்த செபக்கூட்டத்தில், என் மனைவி மரியபுஷ்பம் எழுந்து நடந்ததை உங்களில் பலர் பார்த்தீர்கள். மைக்கைப் பிடித்துச் சாட்சி சொன்னவன் நான். பக்கவாதத்தில் விழுந்தவளை ஆண்டவர் முழுவதும் குணமாக்கிவிட்டார் என்று சொன்னேன். நீங்கள் கைதட்டினீர்கள். முன்வரிசையில் இருந்தவர்கள் அழுதார்கள்.

அந்தச் சாட்சி பொய்.

ஆண்டவர் கொடுக்காததை அவர் கொடுத்ததாகச் சொன்னேன். அதற்குப் பிறகு அவர் உண்மையாகவே ஒன்றைக் கொடுத்தார். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். ஆனால் பொய்யை முதலில் ஒப்புக்கொள்ளாமல் அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

பொங்கல் கழிந்த வாரம் அது. காலை நேரம். புஷ்பம் ஒரு கையில் இட்லித் தட்டும் இன்னொரு கையில் காபி டம்ளருமாக வந்தாள். டம்ளர் நழுவி என் வேட்டியில் கொட்டியது. "கண்ணு எங்க இருக்கு உனக்கு?" என்று கத்தினேன். அவள் தன் இடது கையையே பார்த்துக்கொண்டு நின்றாள். அப்படியே சுவரோரம் சரிந்தாள். அவள் விழுந்த வேளையில் என் வாயிலிருந்து வந்தது அந்த வார்த்தைதான். அதைத் திரும்ப எடுக்க முடியாது.

அரியலூரிலிருந்து பெரம்பலூருக்கு ஆம்புலன்ஸில் கொண்டுபோனோம். வழியெல்லாம் சிமென்ட் லாரிகள். ஒவ்வொரு லாரியையும் முந்தும்போது நான் ஒரு அருள் நிறை மரியே செபம் சொன்னேன். அன்றைக்கே நேர்ந்துகொண்டேன்: "தாயே, இவளைப் பிழைக்க வையுங்கள். தவக்காலம் முடிவதற்குள் இவளை ஏலாக்குறிச்சிக் கோயிலில் உங்கள் காலடிக்கு நடத்திக் கூட்டிவருகிறேன்."

பிழைத்தாள். பேச்சு போகவில்லை, அறிவும் போகவில்லை. இடது கையும் இடது காலும்தான் அவள் சொல் கேட்கவில்லை. நடக்க வைப்பது இனி பிசியோதெரபியின் வேலை என்று டாக்டர் சொல்லிவிட்டார். பெரம்பலூரிலேயே ஒரு பயிற்சி மையத்துக்கு வாடகைக் காரில் அழைத்துப்போக ஆரம்பித்தேன்.

அங்கே பவித்ரா என்ற பெண் பயிற்சி கொடுத்தாள். என் மகள் வயதுகூட இருக்காது. எந்நேரமும் பேச்சு, எந்நேரமும் ஓட்டம். முதல் நாளே புஷ்பத்தின் நிலையை அளந்தாள். அந்த அளவை இரண்டு விதம். ஒன்று கேள்வி. சாப்பிடுவது, சேலை கட்டுவது, குளிப்பது, கழிப்பறைக்குப் போவது, கட்டிலிலிருந்து எழுவது என ஒவ்வொரு வேலைக்கும் மதிப்பெண் உண்டு. தானே செய்தால் முழு மதிப்பெண். பக்கத்தில் ஆள் நின்றால் போதும் என்றால் கொஞ்சம் குறைவு. பிடித்துச் செய்ய வைத்தால் இன்னும் குறைவு. முழுக்க அடுத்தவரே செய்தால் அடிமட்டம். இன்னொன்று நடை. நாற்காலியிலிருந்து எழ வேண்டும். தரையில் ஒட்டிய டேப் வரை போய்த் திரும்பி வந்து உட்கார வேண்டும். பவித்ரா செல்போனில் நேரம் பார்ப்பாள்.

முதல் அளவையில் புஷ்பத்துக்குக் கிடைத்தது மிகக் குறைந்த மதிப்பெண். எனக்கு முகம் சுண்டிப்போனது.

நீங்கள் என்னை எச்.எம். சார் என்றுதான் கூப்பிடுகிறீர்கள். என் பள்ளிக்கூடத்தில் மாணவன் தோற்றால் நானே தோற்றதாக நினைப்பேன். அதை அக்கறை என்று நீங்கள் நினைத்திருக்கலாம். நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். அங்கே முருகேசன் என்று ஒரு லாரி டிரைவரும் பயிற்சிக்கு வருவார். அவருக்கும் பக்கவாதம்தான். அவர் மதிப்பெண் ஏறிக்கொண்டே போனது. "என்னங்க வாத்தியாரே, அம்மா இன்னும் ஒண்ணாப்புலயேவா?" என்று ஒருநாள் சிரித்தார். வேடிக்கையாகத்தான் கேட்டார். வீடு வரும் வரை நான் அவர் மதிப்பெண்ணையும் புஷ்பத்தின் மதிப்பெண்ணையும் கணக்குப் போட்டுக்கொண்டே வந்தேன்.

அடுத்த அளவை நாளில் பவித்ரா கேட்டாள். "ஜாக்கெட் போடுறது எப்படி?"

புஷ்பம் வாய் திறப்பதற்குள் நான் சொன்னேன். "அவளே போட்டுக்கிறா."

"கொக்கியெல்லாம்?"

"எல்லாந்தான்."

"செய்ய முடியுமான்னு கேக்கல சார். வீட்ல தெனமும் அவங்களா செய்றாங்களான்னு கேக்குறேன்."

"தெனமும் செய்றாம்மா."

அன்று காலை கொக்கி மாட்டியது நான். பாவாடை நாடா கட்டியதும் நான். புஷ்பம் என்னை ஒருமுறை பார்த்தாள். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். குளிப்பதற்கும் அதே பதில், கழிப்பறைக்கும் அதே பதில். வெளியே ஆட்கள் காத்திருந்தார்கள். பவித்ரா நான் சொன்னதை எழுதிக்கொண்டாள்.

நடையில் பொய் சொல்ல முடியாது. அதற்கு வேறு வழி கண்டுபிடித்தேன். இதை ஆசிரியர்களாக இருந்தவர்கள் உடனே புரிந்துகொள்வார்கள். ஆய்வாளர் வரும் நாளில் நடத்தப்போகும் பாடத்தை அதற்கு முன்னாலேயே நடத்திப் பழக்கி வைப்போம். கேள்வியும் எங்களுடையது, பதிலும் எங்களுடையது. ஆய்வாளர் மகிழ்ந்து போவார். அந்தப் பாடத்தைத் தவிர வேறெதுவும் பிள்ளைகளுக்குத் தெரியாது. அதையே என் மனைவிக்கும் செய்தேன். மையத்தில் இருப்பது போலவே ஒரு நாற்காலி வாங்கினேன். அதே தூரத்தில் கூடத்தில் சாக்பீஸால் கோடு போட்டேன். எழு, போ, திரும்பு, வா, உட்கார். காலையிலும் மாலையிலும் அது ஒன்றுதான். பவித்ரா சொல்லிக் கொடுத்த மற்றப் பயிற்சிகளை விட்டுவிட்டேன். படி ஏறிப் பழகுவது, ஒடுக்கமான இடத்தில் திரும்புவது, தாழ்வான இடத்திலிருந்து எழுவது எதற்கும் மதிப்பெண் இல்லை என்று நினைத்தேன்.

"குளியலறைக்குப் போயி வரப் பழகணும்னு அந்தப் பொண்ணு சொல்லுச்சே" என்றாள் புஷ்பம்.

"அதுக்குத்தான் நான் இருக்கேன்ல."

"நீங்க இருக்கீங்க. அதான் சொல்றேன்."

அந்தப் பதில் எனக்கு அப்போது விளங்கவில்லை.

மதிப்பெண் ஏறியது. நடையின் நேரம் குறைந்தது. பவித்ரா மகிழ்ந்தாள். வாக்கர் வேண்டாம், இனி ஊன்றுகோல் போதும் என்றாள். வாரம் முழுக்க வர வேண்டியதில்லை, எப்போதாவது வந்தால் போதும் என்றாள். முருகேசன் எழுந்து நின்று கும்பிட்டார். எனக்கு மாவட்டத்திலேயே முதலிடம் வாங்கிய மாதிரி இருந்தது.

அந்த மகிழ்ச்சியில்தான் செபக்கூட்டத்தில் பெயர் கொடுத்தேன். அன்று உங்கள் எல்லோருக்கும் முன்னதாகவே மண்டபத்துக்கு வந்தேன். பீடத்தின் படியிலிருந்து காலடியால் அளந்து, எங்கள் வீட்டுக் கூடத்துக் கோட்டின் அதே தூரத்தில் நாற்காலியைப் போட்டேன். நீங்கள் பார்த்தது அந்த நடையைத்தான். புதுமையை, ஆண்டவரின் அற்புதத்தை, நீங்கள் பார்க்கவில்லை. ஒத்திகை பார்த்த பாடத்தைப் பார்த்தீர்கள்.

திரும்பும்போது ஆட்டோவில் புஷ்பம் சொன்னாள். "நல்லா கைதட்டுனாங்க. இப்ப வூட்டுக்குப் போயி எனக்கு நாடாவ அவுத்துவிடப் போறது யாரு? அதையும் மைக்குல சொல்லியிருக்கலாம்ல?"

"விசுவாசத்துல சொன்னது, புஷ்பம். அதுவும் நடந்துரும்."

"விசுவாசம் உங்களுக்கு. நடக்க வேண்டியவ நானு."

சில நாட்கள் கழித்து நான் காலைத் திருப்பலிக்குப் போனேன். அதுவரை அவளைத் தனியே விட்டதில்லை. அன்று விட்டேன். நானே எழுத வைத்த மதிப்பெண்ணை நானே நம்ப ஆரம்பித்திருந்தேன். பூசை முடிந்தும் உடனே கிளம்பவில்லை. கோயில் வாசலில் உங்களில் சிலர் என் கையைப் பிடித்துக்கொண்டு, சாட்சி மனதைத் தொட்டது என்றீர்கள். நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். இன்னும் யாராவது வருவார்களா என்றும் பார்த்தேன்.

வீட்டுக்கு வந்தபோது அவள் குளியலறை வாசலில் கிடந்தாள். கழிப்பறையும் சேர்ந்த எங்கள் வீட்டுக் குளியலறைக்கு உயரமான வாசற்படி உண்டு. தண்ணீர் கூடத்துக்கு வராமல் இருக்கக் கட்டியது. ஊன்றுகோல் உள்ளே கிடந்தது. சேலை நனைந்திருந்தது. அது தண்ணீர் அல்ல. எவ்வளவு நேரம் கிடந்தாள் என்று நான் கேட்கவில்லை. கேட்கத் துணிவில்லை.

தூக்கப் போனேன். வலியில் கையைத் தட்டிவிட்டாள். பிறகு கோபமே இல்லாமல் சொன்னாள். "வாசப்படி வரைக்கும் வந்துட்டேங்க. அதுக்கு மேல நீங்க சொல்லிக்குடுக்கலயே."

பெரம்பலூரில் இடுப்பை எக்ஸ்ரே எடுக்க உள்ளே கொண்டுபோனார்கள். நான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். செபமாலை கையில் இருந்தது, சொல்ல வரவில்லை. எந்த முகத்தோடு கேட்பது? கடைசியில் இவ்வளவுதான் சொன்னேன்: "ஆண்டவரே, நான் பொய் சொன்னேன். உம்மைச் சொல்லிப் பொய் சொன்னேன். அதற்கு அவள் இடுப்பை எடுத்துக்கொள்ளாதேயும். அவளைத் திருப்பிக் கொடும். உண்மையைச் சொல்ல எனக்கு வாயைக் கொடும்." என் வாழ்நாளில் நான் சொன்ன செபங்களில் மிகவும் சுருக்கமானது அதுதான்.

எலும்பு முறியவில்லை. டாக்டர் அதைச் சொன்னதும் சிலுவை போட்டுக்கொண்டேன். செபத்தின் முதல் பாதி அப்போதே கேட்கப்பட்டது. மறு பாதி என் கையில் இருந்தது. நான் அதைத் தள்ளிப்போட்டேன். புஷ்பத்துக்கோ பயம் பிடித்துக்கொண்டது. கட்டிலை விட்டு இறங்க மறுத்தாள். உயிர்ப்புப் பெருவிழா வந்தது, போனது. அவள் படுத்தே இருந்தாள். ஒருநாள் உள்ளாடை மாற்றும்போது சுவரைப் பார்த்தபடி, "இதுக்கு அன்னிக்கே போயிச் சேந்திருக்கலாம்" என்றாள். அந்தச் சொல்தான் என்னைத் துரத்தியது.

பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். குருவானவர் கேட்டு முடித்துவிட்டு, மன்னிப்பு இப்போதே உண்டு என்றார். பிறகு, "ஆனா சார், கூட்டத்துல சொன்னத கூட்டத்துலதான் திருத்தணும். அதுக்கு முன்னாடி அந்தப் பொண்ணுகிட்டப் போய்ச் சொல்லுங்க. தப்பான மதிப்பெண் உங்க வீட்டம்மாவுக்குத் தப்பான மருந்து மாதிரி" என்றார்.

பவித்ராவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கொக்கி, நாடா, சாக்பீஸ் கோடு, எல்லாம். அந்தப் பெண்ணின் முகம் சிவந்தது. "சார், நான் அம்மாவ அளந்துகிட்டு இருக்கேன்னு நெனச்சேன். இத்தன நாளா உங்களத்தான அளந்திருக்கேன்!" என்றாள். நான் தலை குனிந்து நின்றேன். பிறகு அவளே குரலைத் தாழ்த்தினாள். "எம்மேலயும் தப்பு இருக்கு. கூட்டமா இருக்குன்னு உங்க வாயப் பாத்தே எழுதிட்டேன். செஞ்சு காட்டச் சொல்லிப் பாத்திருக்கணும். ஊன்றுகோல நாந்தானே குடுத்தேன்."

அடுத்த முறை புஷ்பத்தைச் சக்கர நாற்காலியில் கொண்டுபோனபோது, பவித்ரா என்னை வெளியே உட்காரச் சொன்னாள். முருகேசன் பெஞ்சில் இடம் விட்டார். "வாங்க வாத்தியாரே. வெளிய நிறுத்திட்டாங்களா? நாங்கல்லாம் பள்ளிக்கூடத்துல நின்ன எடந்தான், உக்காருங்க" என்றார். கதவு திறந்தே இருந்தது. உள்ளே பேசியது கேட்டது.

"அம்மா, சார் சொன்னதெல்லாம் விடுங்க. உங்களுக்கு என்ன செய்ய வரணும்? ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க."

நான் ஏலாக்குறிச்சி என்று எதிர்பார்த்தேன். நடக்க வேண்டும் என்றாவது சொல்வாள் என்று நினைத்தேன். அவள் யோசிக்கவே இல்லை. ரொம்ப நாளாக வைத்திருந்த பதில்போல வந்தது.

"கக்கூஸுக்கு யாரும் கூட வரக் கூடாதும்மா. நானே போயி, கதவ நானே சாத்திக்கணும். அவ்ளோதான். கல்யாணம் ஆனதுலேர்ந்து அவர் எதிர்ல நான் சேல மாத்துனது இல்ல. இப்ப எல்லாத்துக்கும் வந்து நிக்கிறாரு. தங்கமாத்தான் பாக்குறாரு. எனக்குத்தான் செத்துரலாம்போல இருக்கு."

முருகேசன் தன் நல்ல கையை என் முழங்காலில் வைத்தார்.

அவளுக்காக நான் செய்த செபத்தில் அவள் எங்கேயும் இல்லை. அவள் காலுக்காக நேர்ந்துகொண்டேன், அந்தக் காலை எங்கே போகவிட வேண்டும் என்று அவளிடம் கேட்கவில்லை. அன்றைய அளவையில் எல்லாம் அடிமட்டத்துக்கு வந்தது. பவித்ரா சொன்ன மதிப்பெண்ணைக் கேட்டு நான் முதன்முறையாக வெட்கப்படவில்லை. அது உண்மை. அதன் மேல் காலை ஊன்றலாம்.

அதன்பிறகு நடந்ததில் ஆர்ப்பாட்டம் எதுவுமில்லை. கொத்தனார் வந்து வாசற்படியை இடித்துத் தரையை மட்டமாக்கினார். சுவரில் அவள் வலது கைக்கு எட்டும் உயரத்தில் கம்பிகள் பொருத்தினோம். கழிப்பறை இருக்கையை உயர்த்தினோம். நாடா கட்டிய பாவாடைக்குப் பதில் எலாஸ்டிக் வைத்துத் தைத்தோம். கதவில் அவள் ஒரு கையால் தள்ளக்கூடிய தாழ்ப்பாள். கட்டிலிலிருந்து எழுவது, கம்பியைப் பிடித்துத் திரும்புவது, உட்காருவது, எழுவது எனப் பவித்ரா ஒவ்வொன்றாகப் பழக்கினாள். எனக்கும் ஒரு பயிற்சி இருந்தது. "சார், நீங்க கையக் கட்டிக்கிட்டு நில்லுங்க. அவங்க கூப்பிடாம கை வரக் கூடாது" என்றாள். வாழ்நாள் முழுக்கப் பிள்ளைகளைக் கையைக் கட்டி நிற்க வைத்தவன் நான். அது எவ்வளவு கடினம் என்று அந்தக் கூடத்தில் தெரிந்துகொண்டேன். அவள் ஜாக்கெட்டுக்குள் கையை நுழைக்கத் திணறும்போது என் விரல்கள் தாமாகவே நீளும். "கை!" என்பாள் புஷ்பம். மடக்கிக்கொள்வேன். அப்படி நிற்கும் நேரமே என் செபநேரம் ஆனது. அவள் ஒவ்வொரு முறை திணறும்போதும், "ஆண்டவரே, இவளுக்கு வலிமை கொடும், எனக்குப் பொறுமை கொடும்" என்பேன். கோடை போயிற்று. மழை வந்தது. மதிப்பெண் ஏறியது, சில மாதம் இறங்கியது, மறுபடி ஏறியது.

அக்டோபரில், செபமாலை மாதத்தில், பவித்ரா வீட்டுக்கே வந்து எல்லாவற்றையும் செய்து காட்டச் சொல்லிப் பார்த்தாள். "அம்மா ஒரு பகல் தனியா இருக்கலாம்" என்றாள். அன்று சாயங்காலமே புஷ்பம் ஆரம்பித்தாள்.

"ஏலாக்குறிச்சிக்கு நேந்துகிட்டது யாரு?"

"நான்தான்."

"அப்ப நீங்க நடங்க. எங்கிட்டயா கேட்டு நேந்தீங்க? மாதா உங்க காலத்தான் தேடுவாங்க. போன் கீன் பண்ணி நச்சரிக்கக் கூடாது, சொல்லிட்டேன்."

அந்த வாரம் சனிக்கிழமை திருமானூர் வரை பஸ்ஸில் போய், அங்கிருந்து நடந்தேன். இரு பக்கமும் நடவு வயல். முழங்கால் வலித்தது. அதைவிட அவள் தனியே இருக்கிறாள் என்ற நினைப்பு வலித்தது. பல தடவை போனை எடுத்தேன், திரும்பச் சட்டைப்பையில் வைத்தேன். மாதாவின் முன்னால் போய் முழங்காலிட்டபோது கேட்பதற்கு ஒன்றும் தோன்றவில்லை. "நான் வந்திருக்கிறேன். அவள் வீட்டில் இருக்கிறாள்" என்று மட்டும் சொன்னேன்.

மாலையில் வீடு வந்து கதவைத் திறந்தேன். கட்டில் காலியாக இருந்தது. நாற்காலியும் காலி. கூப்பிட்டேன். பதில் இல்லை. அவள் வாசற்படியில் விழுந்து கிடந்த அந்தக் காலை முழுவதும் என் கண்முன் வந்தது. செருப்போடு ஓடிக் குளியலறைக் கதவைப் படபடவென்று தட்டினேன். "புஷ்பம்! புஷ்பம்!"

"உள்ள ஆளு இருக்கு!" என்று சத்தம் வந்தது.

நான் கதவிலிருந்து கையை எடுத்தேன். அப்படியே தரையில் உட்கார்ந்தேன். உள்ளே அவள் மொண்டு ஊற்றும் தண்ணீர்ச் சத்தம் கேட்டது. அவசரமே இல்லாமல், நிறைய நேரம் ஊற்றினாள். அவள் தாழ்ப்பாளைத் தள்ளி வெளியே வரும் வரை நான் ஆண்டவருக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தேன்.

சகோதர சகோதரிகளே, இந்த முறை அளந்து சொல்கிறேன். என் மனைவி முழுவதும் குணமாகவில்லை. கம்பியையோ ஊன்றுகோலையோ பிடித்து வீட்டுக்குள் நடக்கிறாள். படி ஏறினால் ஆள் பக்கத்தில் நிற்க வேண்டும். தானே சாப்பிடுகிறாள், தானே குளிக்கிறாள், தானே உடுத்துகிறாள். இடது கை தோளுக்கு மேல் வராது. இதுதான் ஆண்டவர் கொடுத்தது. கைதட்ட வைக்கும் புதுமை அல்ல. ஆனால் இதில் நான் சேர்த்தது ஒன்றுமில்லை. என் பழைய சாட்சியைக் கேட்டு யாராவது பயிற்சியை நிறுத்தியிருந்தால், தயவுசெய்து நாளையே திரும்பப் போங்கள். என்னையும் மன்னியுங்கள். உங்கள் வீட்டில் படுத்திருப்பவருக்காகச் செபியுங்கள். ஆண்டவர் கேட்பார், நம்புங்கள். செபிப்பதற்கு முன் கட்டிலருகே உட்கார்ந்து, உனக்கு என்ன வேண்டும் என்று அவரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்.

எழுதி முடித்து இதைப் புஷ்பத்துக்குப் படித்துக் காட்டினேன். "எங்கயாவது கூட்டிச் சொல்லியிருக்கேனா?" என்று கேட்டேன்.

"தானே உடுத்துறான்னு போட்டுட்டீங்க. தல வாரி விடுறது யாரு?"

ஆகவே அதையும் எழுதுகிறேன். அவளுக்குத் தலை வாரிவிடுவது நான். அவள் கூப்பிட்ட பிறகுதான் போகிறேன். வகிடு இன்னும் நேராக வரவில்லை.